1930க்குப் பிறகு பயர் எங்கே போனார்?

சோவியத் இயக்குநர் புடோவ்கின் 1928இல் எடுத்த 'செங்கிஸ்கானின் வாரிசு' படத்தைப் பார்த்தவர்களுக்குப் பயர் மறக்காது. அருமையான வெள்ளி நரித் தோலை அடிமாட்டு விலைக்குப் பறிகொடுத்து, வியாபாரியோடு மோதி மலைக்கு ஓடும் மங்கோலிய வேட்டைக்காரன் அவன். ஆங்கிலேயப் படை அவனைச் சுடுகிறது. அவனிடமிருந்த தாயத்துக்குள் கிடைத்த ஓலையைப் படித்துச் செங்கிஸ்கானின் வம்சம் என்று நம்பி, அதே படை அவனைப் பிழைக்கவைத்துப் பொம்மை அரசனாக்குகிறது.

பயராக நடித்தவர் வலேரி இன்கிஜினோவ். நான் புரட்டிய சோவியத் சினிமா வரலாறுகளில் அவர் தடம் 1930உடன் நின்றுவிடுகிறது. ஏன் என்று தேடினேன்.

முதல் தடயம் அந்தப் படத்தின் நடிகர் பட்டியலிலேயே இருந்தது. பயரின் தந்தையாக நடித்தவரும் ஓர் இன்கிஜினோவ்தான். வலேரியின் சொந்தத் தந்தை. 1895இல் இர்குட்ஸ்க் பகுதியில் பிறந்த வலேரி, தந்தை வழியில் புரியாத் இனத்தவர். அடுத்த தடயம் நாடக மேடைக்கு இட்டுச் சென்றது. அவர் நாடக இயக்குநர் மெயர்ஹோல்டின் மாணவர். உணர்ச்சியை உடலசைவிலிருந்து எழுப்பும் 'பயோமெக்கானிக்ஸ்' பயிற்சியில் ஊறியவர். இது தெரிந்தபின் படத்தை மறுபடி பார்த்தேன். கட்டுப்போட்ட உடம்போடு மரம்போல் உட்கார்ந்திருக்கும் பயர், தளபதி மகளின் கழுத்தில் தன் நரித் தோலைக் கண்டதும் பாய்கிறான். அத்தனை நேர அசைவின்மையும் அந்தப் பாய்ச்சலுக்கான சேமிப்பு என்பது அப்போதுதான் விளங்கியது.

1930இல் மேற்கு ஐரோப்பா சென்றவர் நாடு திரும்பவில்லை. ஆகவே மாஸ்கோவை விட்டுப் பாரிஸ், பெர்லின் படங்களின் நடிகர் பட்டியல்களுக்குத் திரும்பினேன். அங்கே அவர் பெயர் வேறு எழுத்துக்கூட்டலில் இருந்தது. முகம் மட்டும் மாறவில்லை.

1933இல் ஜூலியன் துவிவியே, சிமெனோன் நாவலிலிருந்து எடுத்த துப்பறியும் படத்தில் அவர் கொலைகாரன் ராடெக். 1935இல் நாஜி ஜெர்மனியின் 'ஃப்ரீசன்நோட்' படத்தில் ரஷ்ய ஜெர்மானியர்களை வதைக்கும் போல்ஷெவிக் கமிசார். புரட்சியின் நாயகனாக உலகம் கண்ட முகம், ஏழே ஆண்டுகளில் புரட்சியைப் பழிக்கும் படத்துக்குப் பயன்பட்டிருக்கிறது. 1939இல் ஹிட்லரும் ஸ்டாலினும் ஒப்பந்தம் செய்ததும் ஜெர்மனி அந்தப் படத்தைத் தடை செய்தது; 1941இல் போர் மூண்டதும் வேறு பெயரில் திரும்பக் கொண்டுவந்தது.

1959இல் இந்தியாவைக் களமாகக் கொண்டு ஃபிரிட்ஸ் லாங் எடுத்த 'எஷ்னாபூரின் புலி'யில் அவர் யாமா என்ற தலைமைப் பூசாரி. 1965இல் பெல்மொண்டோ நாயகனாக நடித்த படமொன்றில் சீனரான கோ.

இந்தப் பட்டியலை வரிசைப்படுத்தியபோது என் முடிவு உறுதியானது. புடோவ்கின் அந்த முகத்தில் விழித்தெழும் ஒரு மனிதனைக் கண்டார். மேற்குத் திரையோ அதில் பெரும்பாலும் அச்சுறுத்தும் அந்நியனை மட்டுமே கண்டது. ஆனால் தாய்நாட்டில் இருந்திருந்தால் வாழ்வு சிறந்திருக்கும் என்றும் சொல்லிவிட முடியாது. அவருடைய ஆசான் மெயர்ஹோல்டை 1940இல் சோவியத் அரசு சுட்டுக் கொன்றது.

இன்கிஜினோவ் 1973இல் பிரான்சில் காலமானார். சோவியத் வரலாறு அவர் வாழ்வின் முன்பாதியையும், பிரெஞ்சு, ஜெர்மன் வரலாறுகள் பின்பாதியையும் வைத்திருக்கின்றன. ஊமைப்பட நடிகர்களை ஆராய வரும் மாணவர்கள் ஒரு நாட்டு ஆவணத்தோடு நிறுத்திக்கொள்ள வேண்டாம். எல்லைக்கு அப்பாலுள்ள நடிகர் பட்டியல்களையும் கடைசி வரி வரை படியுங்கள்.