பெக்கோ ட்ரெயிலில் முல்லோயா எந்தப் பக்கம்?

கடந்த சில வருஷமா நம்ம தோட்டத்துப் பக்கம் முதுகுப்பையும் கைத்தடியுமா வெள்ளைக்காரங்க நடந்து போறதைப் பார்த்திருப்பீங்க. இப்போ கொழும்புப் பிள்ளைகளும் நிறைய வாறாங்க. எல்லாரும் போறது பெக்கோ ட்ரெயில். கண்டி ஹந்தானையில் தொடங்கி நுவரெலியாவில் முடிகிற, 300 கிலோமீற்றருக்குக் கொஞ்சம் மேலான நடைபாதை. 22 கட்டமாகப் பிரித்திருக்கிறார்கள். ஒரு கட்டம் ஒரு நாள் நடை என்று வைத்துக்கொள்ளலாம். கலஹா, லூல்கந்துர, தவலந்தென்ன, பூண்டுலோயா, வட்டகொடை, கொட்டகலை, நோர்வூட், பொகவந்தலாவை என்று போய், ஹோர்ட்டன் சமவெளி, ஹப்புத்தளை, எல்ல பக்கமெல்லாம் சுற்றி வருகிறது. ஐரோப்பிய ஒன்றியமும் அமெரிக்காவின் யுஎஸ்எய்ட்டும் நிதி உதவி செய்த திட்டம் இது.

இது புதுசா காடு வெட்டிப் போட்ட பாதை இல்லை. பெரும்பகுதி பழைய தோட்டத்து வண்டிப்பாதைகளும், மலைக்கும் லயத்துக்கும் ஸ்டோருக்கும் இடையில் நம்ம ஆட்கள் நடந்து நடந்து போட்ட ஒற்றையடிப் பாதைகளும்தான். அதனால இந்தப் பாதையைப் பற்றி வரலாறு படிக்கிற ஒரு ஆளாக எனக்கு ஒரு கேள்வி இருக்கு. இருநூறு வருஷமா இந்த மலைகளில் நடக்கிற உரிமை யாருக்கு இருந்தது, யாருக்கு இல்லை?

முதலில் உள்ளே நடந்து வந்த கதை. 1820களில் கோப்பித் தோட்டங்கள் தொடங்கியபோது மலைநாட்டுக்கு ரயில் கிடையாது. கொழும்பிலிருந்து கண்டிக்கு ரயில் வந்ததே 1867இல்தான். ஹட்டனுக்கு 1884இல் வந்தது. ராமநாதபுரம், புதுக்கோட்டை, மதுரை, திருச்சி, தஞ்சாவூர், சேலம் பக்கத்துச் சனங்கள் கடலைத் தாண்டி மன்னார்க் கரையில் இறங்கி, மதவாச்சி, மிஹிந்தலை, தம்புள்ளை வழியாக மாத்தளை வரைக்கும் காட்டுக்குள் நடந்தார்கள். கொலராவிலும் காய்ச்சலிலும் பாதி வழியிலேயே விழுந்தவர்கள் ஏராளம். கூட்டிக்கொண்டு வந்தவர் கங்காணி. அந்தக் காலத்துக் 'கைட்' அவர்தான் என்று ஒரு நண்பன் பகிடியாகச் சொன்னான். ஆனா இந்தக் கைட் வழிச்செலவை எல்லாம் கடனாக எழுதி வைத்துக்கொள்கிற கைட்.

கோப்பிக் காலத்தில் நிறையப் பேர் திரும்பியும் நடந்தார்கள். கோப்பிக்கு ஆள் அதிகமாகத் தேவைப்பட்டது பழம் பறிக்கிற மாதங்களில்தான். பறிச்சு முடிய, இருக்கிற காசை முடிந்துகொண்டு ஊருக்குப் போய்விடலாம். 1869இல் கோப்பிச் செடியில் இலைநோய் விழுந்தது. அதற்கு இரண்டு வருஷம் முன்பே, 1867இல், ஜேம்ஸ் டெயிலர் லூல்கந்துரவில் 19 ஏக்கரில் தேயிலை போட்டிருந்தார். தேயிலைக்குப் பருவம் என்று ஒன்றில்லை, வருஷம் முழுக்கக் கொழுந்து வரும். கொழுந்து எடுக்கப் பெண்களும் வேணும். அதனால் குடும்பம் குடும்பமாக நிரந்தரமாக இருக்கவேண்டி வந்தது. பத்தடிக்குப் பன்னிரண்டடி லயக் காம்பராவுக்குள் ஒரு சமூகமே குடியிருந்த கதை இப்படித்தான் நிலைத்தது.

இங்கேதான் நடக்கிற உரிமை சுருங்கியது. கங்காணியிடம் பட்ட கடன் தீராமல் ஒரு தொழிலாளி வேறு தோட்டத்துக்குப் போக முடியாது. போகணும்னா துண்டு வேணும். கடனை அடைத்தால் இந்த ஆளை விட்டுவிடுகிறேன் என்று துரை எழுதித் தருகிற சீட்டுதான் துண்டு. புதுத் தோட்டத்துத் துரை அந்தக் கடனைக் கட்டி ஆளை எடுப்பார், கடன் ஆளோடு கூடவே போகும். 1921இல்தான் இந்த முறை சட்டப்படி ஒழிந்தது. கையில் துண்டில்லாமல் வேறு தோட்டத்துக்கு நடந்து போனால் அங்கே வேலை கிடையாது. இன்றைக்கு ட்ரெயிலில் ஒரே நாளில் நாலைந்து தோட்டத்தைக் கடந்து போகிறோம் இல்லையா? நம்ம பூட்டன் பூட்டிக்கு அது அவ்வளவு லேசான காரியமாக இருக்கவில்லை.

வெளியே போவது கஷ்டம் என்றால், உள்ளே வருவதும் கஷ்டம்தான். தோட்டம் தனியார் காணி. துரையின் அனுமதி இல்லாமல் வெளியாள் காலடி வைத்தால் அத்துமீறல் குற்றம். தொழிற்சங்கக்காரர்களை வெளியே நிறுத்த இது நல்ல வேலியாக இருந்தது. தஞ்சாவூர்ப் பக்கமிருந்து வந்த பத்திரிகையாளர் கோ. நடேசய்யர் தோட்டத்து நிலைமையைப் பார்க்கப் புடவை வியாபாரி வேஷத்தில்தான் உள்ளே போனார். பிறகு 1931இல் ஹட்டனை மையமாக வைத்துத் தோட்டத் தொழிலாளர் சம்மேளனத்தை ஆரம்பித்தார். அவருடைய மனைவி மீனாட்சியம்மாள் பாட்டுக் கட்டிப் பாடித் தொழிலாளரைத் திரட்டினார். ஹட்டன் பக்கக் கட்டங்களில் நடக்கிறவர்கள் இதைத் தெரிந்து நடந்தால் பாதை வேற மாதிரித் தெரியும். இன்றைக்கு டிக்கெட் வாங்கி, கமராவோடு போகிற வழியில், அன்றைக்கு ஒரு மனுஷன் புடவை மூட்டையைச் சுமந்து ஒளிந்து போயிருக்கிறார்.

இனி தலைப்பில் இருக்கிற முல்லோயாவுக்கு வருவோம்.

பெக்கோ ட்ரெயிலின் ஆரம்பக் கட்டங்களில் பெரிய ஈர்ப்பு லூல்கந்துர. டெயிலர் இருந்த வீட்டின் மிச்சம், அவர் உட்கார்ந்து மலையைப் பார்த்ததாகச் சொல்கிற கல்லிருக்கை எல்லாம் அங்கே இருக்கு. டெயிலர் 1852இல் ஸ்கொட்லாந்திலிருந்து வந்து, 1892இல் இறக்கும்வரை இங்கேயே உழைத்தவர். அவரை மறக்கச் சொல்லி நான் சொல்லவில்லை. ஆனா அதே ஹேவாஹெட்ட மலைப்பக்கத்தில்தான் முல்லோயாத் தோட்டமும் இருக்கு. 1940 ஜனவரி 10ஆம் திகதி, சம்பள உயர்வு கேட்டு வேலைநிறுத்தம் செய்த முல்லோயாத் தொழிலாளர்கள் மீது பொலிஸ் சுட்டது. கோவிந்தன் என்ற தொழிலாளி செத்துப்போனார். போராட்டத்துக்குப் பின்னால் இருந்தது சமசமாஜக் கட்சியின் தோட்டத் தொழிற்சங்கம். விசாரணை ஆணைக்குழுவில் தொழிலாளர் பக்கம் வாதாட கொல்வின் ஆர். டி சில்வா வந்தார். இதை ஒட்டி எழுந்த இழுபறியில், பொலிஸ் யார் சொல்லைக் கேட்கவேண்டும் என்று ஆளுநருக்கும் அமைச்சர்களுக்கும் முட்டிக்கொண்டு, அமைச்சர் சபையே அந்த வருஷம் இராஜினாமாக் கடிதம் கொடுத்தது. மலைக்குள் ஒரு தோட்டத்தில் விழுந்த ஒரு உயிர் கொழும்பு அரசாங்கத்தையே ஆட்டியிருக்கு.

ஜனவரி 10ஐ இப்போது மலையகத் தியாகிகள் தினம் என்று நினைவுகூருகிறோம். இருந்தும் லூல்கந்துரவைக் காட்டுகிற கை, அப்படியே கொஞ்சம் திரும்பி முல்லோயாப் பக்கம் நீள்கிறதா?

இன்னொரு இடம் டெவன். தலவாக்கலைக்கும் ஹட்டனுக்கும் இடையில் ரோட்டோரம் நின்று எல்லாரும் செல்ஃபி எடுக்கிற 97 மீற்றர் நீர்வீழ்ச்சி. ஒரு கோப்பித் தோட்டத் துரையின் பேரைத்தான் அதுக்கு வைத்திருக்கிறார்கள். 1977 மே மாதம் இதே டெவன் தோட்டத்தில் சிவனு லெட்சுமணன் என்ற இளைஞர் பொலிஸ் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார். காரணம் காணி. 1972, 1975 காணிச் சீர்திருத்தங்களில் தோட்டங்கள் அரசுடைமையானபோது பல தோட்டங்களில் தொழிலாளர்கள் விரட்டப்பட்டார்கள். 1973, 74இல் தோட்டங்களில் பட்டினிச் சாவே நடந்தது. அந்தப் பின்னணியில் நுவரெலியா மாவட்டத்தில் 7,000 ஏக்கர் தோட்டக் காணியைப் பிரித்துக் கொடுக்கும் திட்டம் வந்தது. அளக்க வந்தவர்களை மறித்து நின்றவர்கள் தோட்டத்துச் சனங்கள். லெட்சுமணன் விழுந்த பிறகு தோட்டங்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கின. திட்டம் கைவிடப்பட்டது. இன்றைக்குக் கொட்டகலைப் பக்கம் நடக்கிறவர் பார்க்கிற அந்தப் பச்சை அப்படியே நிற்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

போன லீவில் பூண்டுலோயாவிலிருந்து வட்டகொடைக் கட்டத்தை நானும் எங்க பீடத்து நண்பர்கள் நாலு பேரும் ஒரு கைட் அண்ணாவோடு நடந்தோம். அவர் தோட்டத்துப் பிள்ளை, அம்மா இன்னும் கொழுந்து எடுக்கிறாங்க. பாதை ஏன் திடீரென்று செங்குத்தா இறங்குது என்று ஒருத்தி கேட்டாள். "இது உலாத்துற பாதை இல்ல தங்கச்சி, கொழுந்து நிறுக்கப் போற பாதை. கூடையோட நிக்கிற ஆளுக்குக் கிட்டத்து வழிதான் நல்ல வழி" என்றார். கொஞ்ச தூரத்தில் மடக்கும்புரப் பக்கம் கையைக் காட்டி, சி.வி. வேலுப்பிள்ளை பிறந்த தோட்டம் என்று அவராகவே சொன்னார். நான் கேட்டேன், "வெளிநாட்டுக்காரங்களுக்கும் இதைச் சொல்வீங்களா அண்ணே?" அவர் சிரித்தார். "கேட்டா சொல்லுவேன். யாரும் கேக்குறதில்லையே."

1914இல் பிறந்த சி.வி., தோட்ட வாழ்க்கையை ஆங்கிலத்திலும் தமிழிலும் எழுதினவர். வாய்மொழியாக இருந்த மலைநாட்டுப் பாடல்களைத் தேடித் தொகுத்தவர். 1947 தேர்தலில் தலவாக்கலையிலிருந்து பாராளுமன்றத்துக்குப் போனார். அந்தத் தேர்தலில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் ஏழு இடங்களை வென்றது. அடுத்த வருஷமே, 1948இன் 18ஆம் இலக்கப் பிரஜாவுரிமைச் சட்டம் அவரைத் தெரிவு செய்த சனங்களை நாடற்றவர்களாக்கியது. 1949இல் வாக்கும் போனது. 1952 தேர்தலில் நம்ம பக்கமிருந்து ஒருத்தரும் பாராளுமன்றம் போகவில்லை.

பிறகு வெளியே அனுப்பிய கதை. 1964 ஒக்டோபர் 30இல் கைச்சாத்தான சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தம் 525,000 பேரை இந்தியாவுக்கு, 300,000 பேரை இலங்கைக்கு என்று கணக்குப் போட்டது. மிச்சம் 150,000 பேரை 1974இல் இரண்டு நாடும் பாதி பாதியாகப் பிரித்தன. தாத்தாமார் நடந்து வந்த அதே தலைமன்னாருக்குப் பேரப்பிள்ளைகளை ரயில் கொண்டுபோய் விட்டது. அந்த ரயிலுக்கு நம்ம ஆட்கள் வைத்த பேர் ஒப்பாரிக் கோச்சி. ஹட்டன் ஸ்டேஷனில் இப்போது ட்ரெயில்காரர்கள் எல்ல ரயிலுக்காகக் காத்து நிற்கிற மேடையில்தான் அந்த அழுகையும் நடந்தது. நாடற்ற நிலையை முடித்துவைக்கிற சட்டம் வந்தது 2003இல்.

கிரீஸ் நாட்டின் கிரீட் தீவில் சமாரியா என்று ஒரு மலைப்பிளவு இருக்கு. 16 கிலோமீற்றர் நீளம், ஒரு நாள் நடைக்கு உலகப் பிரசித்தம். நடுவில் ஒரு கிராமம் இருந்தது. 1962இல் தேசியப் பூங்காவாக்கியபோது கடைசிக் குடும்பங்களும் வெளியேற வேண்டியதாயிற்று. இப்போ அங்கே போகிறவர்கள் ஆளில்லாத வீடுகளைப் பார்த்துவிட்டு வருகிறார்கள். நம்ம பாதை அப்படி இல்லை. வீட்டில் ஆள் இருக்கு, அடுப்பு எரியுது. ஆனா அந்த ஆட்களுக்கு ஒரு வரலாறு இருக்கு என்ற நினைப்பில்லாமல் நடந்தால், நமக்கும் அது ஆளில்லாத ஊர்தான். லயமும் கொழுந்தெடுக்கிற அக்காவும் படத்துக்குப் பின்னணி ஆகிவிடும்.

வருமானக் கணக்கும் இதில் இருக்கு. பழைய துரை பங்களாக்கள் ஹோட்டலாகிவிட்டன. ட்ரெயில் லய வாசலைத் தொட்டுக்கொண்டு போனாலும், லயத்தில் இருக்கிற குடும்பம் ஒரு தேத்தண்ணிக் கடை போடவோ, ஒரு அறையை வாடகைக்கு விடவோ நினைத்தால் முதல் தடை காணி உறுதி. காம்பராவும் அது நிற்கிற நிலமும் அவர்கள் பேரில் இல்லை. உறுதி இல்லாமல் பாங்கில் கடன் எடுப்பதும் லேசில்லை. ஆபத்தும் அந்த நிலத்தோடுதான். ஹப்புத்தளை முகட்டில் நின்று எல்லாரும் ரசிக்கிற தெற்குச் சரிவில்தான் கொஸ்லந்தை மீரியபெத்தை இருக்கு. 2014 ஒக்டோபர் 29 காலையில் மண்சரிவு லயங்களை மூடிய இடம் அது.

2023இல் நாம் வந்து இருநூறு வருஷம் என்று, ஜூலை 28 தலைமன்னாரில் தொடங்கி ஆகஸ்ட் 12 மாத்தளையில் முடிந்த நடைபயணம் நடந்தது. முன்னோர் நடந்த வழியில் இளைஞர்களும் வயசானவர்களும் சேர்ந்து நடந்தார்கள். அந்த நடையையும் பெக்கோ ட்ரெயிலையும் எதிரெதிராக நிறுத்த எனக்கு விருப்பமில்லை. தலைமன்னார்ப் பாதை மாத்தளையில் முடிகிறது, பெக்கோ பாதை அதற்குக் கொஞ்சம் தெற்கே ஹந்தானையில் தொடங்குகிறது. வரைபடத்தில் பார்த்தால் ஒன்றின் தொடர்ச்சிதான் மற்றது.

அதனால் நம்ம தோட்டங்களில் கைட் வேலைக்குப் போகிற தம்பி தங்கச்சிமாருக்குத்தான் இதைச் சொல்ல வேணும். யாரும் கேட்கும்வரை காத்திருக்க வேண்டாம். லூல்கந்துரவில் டெயிலரைச் சொன்ன கையோடு கோவிந்தனையும் சொல்லுங்க. டெவன் அருவியில் லெட்சுமணனைச் சொல்லுங்க. வட்டகொடைப் பக்கம் சி.வி.யைச் சொல்லுங்க. உங்க மலைக்குத் துரை வைத்த பேரோடு நம்ம சனங்கள் வைத்த பேரையும் சொல்லுங்க. தெரியாவிட்டால் பிரட்டுக்களத்தில் நிற்கிற பெரியவர்களிடம் கேளுங்க, அவர்களுக்குத் தெரியும். பீடத்தில் வரலாறு படிக்கிற நாங்கள் அதை எழுதி வைக்கிறோம். அடுத்த ஜனவரி 10க்கு முன்னால், ஹந்தானையிலிருந்து முல்லோயாப் பக்கமாக ஒரு நாள் நடை போட்டாலும் நல்லதுதான். வர விருப்பமுள்ளவர்கள் சொல்லுங்க.