முதல் குரல்

1931-ஆம் ஆண்டு அக்டோபர் 31-ஆம் தேதி சென்னை கினிமா சென்ட்ரல் கொட்டகைக்குள் போன ஜனங்கள், கதைக்காகப் போனார்கள் என்று நான் நினைக்கவில்லை. திரையிலுள்ள உருவம் வாய் திறந்து தமிழ் பேசுமாமே, அது மெய்யா பொய்யா என்று பார்க்கத்தான் போயிருப்பார்கள். உருவம் பேசிற்று, பாடவும் பாடிற்று. படம் ‘காளிதாஸ்’. பேசியவர் டி. பி. ராஜலட்சுமி.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. கதாநாயகி தமிழில் கேட்பாள். கதாநாயகன் தெலுங்கில் பதில் சொல்வான். பம்பாயில், எச். எம். ரெட்டி டைரக்ஷனில் எடுத்த படம் அது. தியாகராஜர் கீர்த்தனையும் உண்டு, கைராட்டினத்தைப் புகழும் தேசியப் பாட்டும் உண்டு. காளிதாசனுக்கும் ராட்டினத்துக்கும் என்ன சம்பந்தம் என்று யாரும் கேட்கவில்லை. கேட்கிற காலமா அது!

ராஜலட்சுமி 1911-ல் திருவையாற்றில் பிறந்தவர். வைதிகக் குடும்பம். பாவாடை கட்டத் தெரியாத வயதில் கல்யாணம் செய்து வைத்தார்கள், அது நிலைக்கவில்லை. அப்படிப்பட்ட பெண்ணுக்கு அந்த நாளில் அடுப்பங்கரை மூலைதான் மிச்சம். இவரோ திருச்சிக்குப் போய் நாடகக் கம்பெனியில் சேர்ந்தார். அக்கிரகாரத்துப் பெண் அரிதாரம் பூசுவதென்றால், ஊர் வாய் என்னென்ன பேசியிருக்கும் என்பதை வாசகர்களே ஊகித்துக் கொள்ளலாம். நாடக மேடையில் தேறிய அந்தச் சாரீரந்தான் டாக்கி வந்தபோது கை கொடுத்தது. ஊமைப் படத்தில் முகம் போதும். இங்கே தொண்டை வேண்டுமல்லவா?

நட்சத்திரமாகிப் பணம் சேர்த்தவர்கள் பலர். அம்மையார் அதோடு நிற்கவில்லை. ‘கமலவல்லி’ என்று தாமே ஒரு நாவல் எழுதினார். அதை 1936-ல் ‘மிஸ் கமலா’ என்ற படமாக்கித் தாமே நடித்து, தாமே டைரக்ட் செய்தார். பம்பாயில் பாத்மா பேகம் 1926-லேயே படம் டைரக்ட் செய்திருந்தார். எகிப்தில் அஸீஸா அமீர் என்ற நடிகை 1927-ல் ‘லைலா’வைத் தயாரித்து நடித்தார். தென்னாட்டில் டைரக்டர் நாற்காலியில் உட்கார்ந்த முதல் பெண் இவர்தாம். மகளுக்கும் கமலா என்றே பெயர் வைத்தார். எத்தனை ஆசை இருந்திருக்க வேண்டும் அந்தப் படத்தின் மேல்!

1964-ல் அம்மையார் காலமானார். படங்கள் அவருக்குத் துணையாக நீடிக்கவில்லை. அக்காலத்து நைட்ரேட் பிலிம் எளிதில் தீப்பிடிக்கும். பிடிக்காவிட்டால் டப்பாவிலேயே மக்கிப் போகும். தப்பிய சுருளையும் வெள்ளி எடுப்பதற்காகக் கரைத்தவர்கள் உண்டு. ‘காளிதாஸ்’ போயிற்று, ‘மிஸ் கமலா’வும் போயிற்று.

பாடியில் எங்கள் தெருப் பையன் ஒருவன் கைபேசியில் உலகத்துப் படங்களையெல்லாம் பார்க்கிறவன். “காளிதாஸில் அந்த அம்மாள் பாடுவதைக் கொஞ்சம் போடேன்” என்றேன். “இதோ, சார்” என்று உற்சாகமாகத் தேடினான். அரை மணி கழித்து ஒரே ஒரு புகைப்படத்தைக் காட்டினான்.