ஹெயிட்டித் தீவின் புரட்சியும் அதன் பின்விளைவும்

புரட்சி என்னுஞ் சொல்லைக் கேட்டவுடன் 1789-ஆம் ஆண்டுப் பிரெஞ்சுப் புரட்சியும் 1917-ஆம் ஆண்டு ருஷியப் புரட்சியுமே நம்மவர் நினைவிற்கு வருகின்றன. பள்ளிப் பாடநூல்களும் இவ்விரண்டனையே விரித்துரைக்கின்றன. இவற்றிடையே, கரீபியக் கடலிலுள்ள ஒரு தீவின் மேற்குக் கூற்றில், விலைக்கு வாங்கப்பட்ட அடிமைகள் தம் ஆண்டைகளை எதிர்த்தெழுந்து, பன்னிரண்டு ஆண்டு போர் புரிந்து, தமக்கென ஒரு நாட்டை நிறுவிக்கொண்ட வரலாறு ஒன்றுண்டு. அடிமைகள் தாமே எழுந்து வென்று நிலையான அரசமைத்தது உலக சரித்திரத்தில் இஃதொன்றே என்பர் அறிஞர். அந்நாடு ஹெயிட்டி. அதுவே இன்று அமெரிக்கக் கண்ட நாடுகளுள் மிக வறியதாக எண்ணப்படுகின்றது. வீரத்தால் உலகை வியப்பித்த மக்கள் வறுமையில் வீழ்ந்து கிடப்பானேன்? விடுதலை பெற்றும் ஆளத் தெரியாதவர் என்று மேனாட்டார் சிலர் எளிதாகக் கூறிப் போயினர். அவ்விடை யாம் ஒப்பத்தக்கதன்று. அதன் காரணத்தைச் சங்கத்து அன்பர்களும் அவர்தம் இல்லத்தாரும் அறியுமாறு ஈண்டு எழுதத் துணிந்தோம்.

1697-ஆம் ஆண்டு ரிஸ்விக் உடன்படிக்கையால் அத்தீவின் மேற்குப் பகுதி ஸ்பெயினிடமிருந்து பிரான்சிற்குக் கிடைத்தது. பிரெஞ்சுக்காரர் அதனைச் சேன் தொமிங்கு என வழங்கினர். அடுத்த நூறாண்டினுள் உலகில் அதற்கு இணையான வளமுடைய குடியேற்றம் இல்லை என்னுமாறு அது ஓங்கிற்று. ஐரோப்பியர் உண்ட சர்க்கரையில் நூற்றுக்கு நாற்பது பங்கும், அவர் அருந்திய காப்பியில் பாதிக்கு மேலும் அச்சிறு நிலத்தினின்று சென்றன. அச்செல்வம் யாருடைய உழைப்பு என்பதைக் கூறவேண்டுவதில்லை. 1789-இல் அங்கே வெள்ளையர் ஏறத்தாழ நாற்பதினாயிரவர். அடிமைகளோ ஐந்து லட்சத்தை எட்டினர். கரும்புத் தோட்டத்தில் பிறப்பினும் இறப்பு மிகுதி. ஆதலின் ஆண்டுதோறும் ஆப்பிரிக்காவினின்று கப்பல் கப்பலாக மக்கள் கொணரப்பட்டனர். புரட்சி தொடங்கிய காலத்தில் அடிமைகளுள் பாதிக்கு மேற்பட்டோர் ஆப்பிரிக்க மண்ணிற் பிறந்தவரே.

வெள்ளையர்க்கும் அடிமைகட்கும் இடையே கலப்பு மரபினரான சுதந்தர மக்கள் ஏறத்தாழ முப்பதினாயிரவர் இருந்தனர். அவருள் நிலமும் அடிமைகளும் உடைய செல்வர் பலர். ஆயினும் வெள்ளையரோடு சமமாக அமரும் உரிமை அவர்க்கில்லை. மொரோ தெ சேன் மேரி என்னும் வழக்கறிஞர், ஒருவனுடைய இரத்தத்தை 128 பங்காக்கி, அதில் எத்தனை வெள்ளை, எத்தனை கறுப்பு என்று கணக்கிட்டு, ஒவ்வொரு கலப்பிற்கும் ஒவ்வொரு பெயரை வகுத்தெழுதினார். பிறப்பை எண்ணி மனிதனை நிறுக்கும் கலையில் நம் நாட்டாரே வல்லவர் என்றிருந்தோம். அவரைக் கண்டபின் அச்செருக்கும் நமக்கில்லை.

1791 ஆகஸ்டு மாதத்தில் வடபகுதித் தோட்டங்கள் தீப்பற்றின. பின்னர் நிகழ்ந்த போர்களின் வரிசையை விரிப்பின் கட்டுரை நீளும். அடிமையாய்ப் பிறந்து விடுதலை பெற்ற தூசேன் லூவெர்த்தூர் என்பார் படைத்தலைவராய் எழுந்து ஸ்பானியரையும் ஆங்கிலேயரையும் வென்றார். பாரிஸ் நகரத்துப் புரட்சிச் சபையார், தம் கையை மீறிப் போனதனை ஒருவாறு ஒப்புக்கொண்டு, 1794 பிப்ரவரி 4-ஆம் நாள் அடிமைத்தனத்தை ஒழித்துச் சட்டமியற்றினர். நெப்போலியன் அதனை மாற்றக் கருதி 1801 டிசம்பரில் தன் மைத்துனன் லெக்ளேரைப் பெரும்படையுடன் ஏவினான். தூசேன் வஞ்சகமாகப் பிடிக்கப்பட்டுப் பிரான்சின் மலைக்கோட்டையொன்றில் 1803 ஏப்ரலில் இறந்தார். ஆயினும் மஞ்சட் காய்ச்சலும் மக்களின் உறுதியும் பிரெஞ்சுப் படையை விழுங்கின. லெக்ளேரும் அக்காய்ச்சலாலேயே மாண்டான். 1804 ஜனவரி முதல் நாள் கொனாயீவ் நகரில் தெசாலீன் என்னும் தளபதி விடுதலையைப் பறைசாற்றினார். தீவின் ஆதிகுடிகள் வழங்கிய ஹெயிட்டி என்னும் பழம்பெயரே நாட்டிற்கு மீண்டும் சூட்டப்பட்டது. அவ்வாண்டிலேயே எஞ்சியிருந்த பிரெஞ்சுக்காரருட் பெரும்பாலோர், பெண்டிர் பிள்ளைகளுட்பட, தெசாலீன் கட்டளையாற் கொல்லப்பட்டனர். இக்கொடுமையை மறைத்துப் புகழ்பாடுதல் சரித்திரம் எழுதுவார்க்கு முறையன்று. 1805-ஆம் ஆண்டு அரசியற் சட்டம், நிறவேற்றுமையை நீக்குவான் வேண்டி, ஹெயிட்டியர் அனைவரும் இனிக் கறுப்பர் என்னும் ஒரே பெயரால் அழைக்கப்படுவர் என்றது. தெசாலீனோடு சேர்ந்து நின்ற போலந்து வீரர் சிலரும் அதன்படி கறுப்பராயினர்.

இனி, புரட்சி விட்டுச்சென்றவற்றுள் முதலாவதாக நிலத்தைப் பற்றிக் கூறுவோம். எம் கருத்தில் அந்நாட்டின் பிற்கால வாழ்வுக்கெல்லாம் வேர் இதுவே. விடுதலை என்பதற்குத் தலைவர்கள் கொண்ட பொருள் வேறு, மக்கள் கொண்ட பொருள் வேறு. தூசேன், தெசாலீன், கிறிஸ்தோப் முதலிய தலைவர்கள், துப்பாக்கியும் மருந்தும் வாங்கப் பணம் வேண்டும், பணத்திற்குச் சர்க்கரை வேண்டும், சர்க்கரைக்குப் பெருந்தோட்டம் வேண்டும் என எண்ணினர். ஆதலின் சாட்டையை நீக்கி, விளைவில் நாலிலொரு பங்கைக் கூலியாக்கி, உழவர் தோட்டத்தை விட்டு நீங்கலாகாதென விதித்துப் படைவீரரைக் காவல் வைத்தனர். மக்களோ, ஒரு துண்டு நிலம், அதிற் கிழங்கும் வாழையும் தமக்கென விளைத்தல், பிறன் மணியோசைக்கு எழாதிருத்தல், இதனையே விடுதலை என்றனர். ஒருவர் பகைவரை அஞ்சினார். மற்றவர் கரும்புத் தோட்டத்தை அஞ்சினார். இரண்டு அச்சமும் நியாயமானவையே.

தெசாலீன் 1806-இல் கொலையுண்டபின் நாடு இரண்டாயிற்று. வடக்கே கிறிஸ்தோப் 1811-இல் அரசனாக முடிசூடி, பெருந்தோட்டங்களைக் கண்டிப்பாக நடத்திக் கருவூலத்தை நிரப்பினான்; இங்கிலாந்தினின்று ஆசிரியர்களை வருவித்துப் பள்ளிகள் அமைத்தான்; மலையுச்சியில் அவன் எழுப்பிய லாபெரியேர்க் கோட்டை இன்றும் காண்பார் நெஞ்சை நடுங்கச் செய்வது. தெற்கே பெத்தியோன் என்னும் குடியரசுத் தலைவர் 1809 முதற்கொண்டு போர்வீரர்க்கு நிலத்தைப் பங்கிட்டளித்தார். கருவூலம் வறண்டது, மக்கள் அவரை விரும்பினர். 1820-இல் கலகம் சூழவே கிறிஸ்தோப் தன்னைத் தானே சுட்டுக்கொண்டான். தெற்கின் முறையே நாடெங்கும் பரவிற்று. சர்க்கரை ஏற்றுமதி ஏறக்குறைய அற்றுப்போயிற்று. சிறு உழவர் வளர்த்த காப்பியே நாட்டின் பொருளாயிற்று. 1826-இல் புவாயே என்னும் தலைவர் உழவரை மீண்டும் தோட்டத்தோடு பிணிக்கக் கடுஞ்சட்டம் இயற்றினார். மக்கள் அதனைப் பொருட்படுத்தாது மலைச்சாரல்களில் ஏறித் தம் கொல்லைகளைத் திருத்திக்கொண்டனர்.

இதன் அருமையை அயல்தீவுகளை நோக்குவார் அறிவர். மார்த்தினிக்கும் குவாதலூப்பும் பிரெஞ்சுத் தோட்ட முதலாளிகள் கையிலேயே நின்றன. அங்கே 1848-இல் அடிமைத்தனம் ஒழிந்தவுடன், கூலிக்கு ஆள்வேண்டி முதலாளிகள் நம் கடற்கரையை நாடினர். 1853 முதல் சில பத்தாண்டுகளில் புதுச்சேரி, காரைக்கால் முதலிய துறைகளினின்று ஒப்பந்தக் கூலிகளாக அறுபதினாயிரத்துக்கு மேற்பட்ட இந்தியர் அவ்விரு தீவுகட்கும் சென்றனர். அவருட் பெரும்பாலோர் தமிழர். மாரியம்மனுக்கு அங்கே இன்றும் கோயில்கள் உள. ஹெயிட்டிக்கு அத்தகைய கூலிக்கப்பல் சென்றதில்லை. ஆள்பிடிக்கும் முதலாளிகள் அங்கு இல்லாமையே காரணம். ஆயினும் சிறு நிலம் தலைமுறைதோறும் பிள்ளைகளுட் பங்கிடப்பட்டு மேலும் சிறிதாயிற்று என்பதனையும் சொல்லாமல் விடலாகாது.

இரண்டாவது, கடன். இதனை வாசிப்பார் சற்றுப் பொறுமையோடு கணக்கிட வேண்டுகின்றோம். 1825 ஏப்ரல் 17-ஆம் நாள் பிரான்சின் அரசன் பத்தாம் சார்லஸ் ஒரு கட்டளை பிறப்பித்தான். ஹெயிட்டியின் விடுதலையைத் தான் ஒப்புக்கொள்வதாகவும், அதற்கு ஈடாகத் தோட்டமிழந்த பழைய ஆண்டைகட்கு 15 கோடி பிராங்கு ஐந்து ஆண்டுத் தவணைகளிற் செலுத்தவேண்டும் எனவும், பிரெஞ்சுக் கப்பல்கட்குச் சுங்கத்திற் பாதி தள்ள வேண்டும் எனவும் அதில் எழுதியிருந்தது. பதினான்கு போர்க்கப்பல்கள் ஐந்நூற்றுக்கு மேற்பட்ட பீரங்கிகளோடு அதனைச் சுமந்து போர்த்தோ பிரின்சுத் துறைக்கு வந்தன. புவாயே கையொப்பமிட்டார். ஆண்டைகள் இழந்த பொருட்களுள் அடிமைகளும் எண்ணப்பட்டமையால், அம்மக்கள் தம் உடலுக்குத் தாமே விலைகொடுக்க நேர்ந்தது. நெப்போலியன் 1803-இல் லூயிசியானாவை, எட்டு லட்சத்துக்கு மேற்பட்ட சதுர மைல் பரப்புடையதனை, அமெரிக்க ஐக்கிய நாட்டிற்கு 8 கோடி பிராங்கிற்கு விற்றான். ஹெயிட்டியின் பரப்போ பதினோராயிரம் சதுர மைலுக்கும் குறைவு.

முதல் தவணை 3 கோடி. அது நாட்டின் ஆண்டு வருமானத்தினும் பன்மடங்கு. ஆதலின் பாரிஸ் நகரத்து வட்டிக்கடையிலேயே 3 கோடிக்குக் கடன்பத்திரம் எழுதினர். தரகும் தள்ளுபடியும் போகக் கைக்கு வந்தது 2 கோடி 40 லட்சமே. கடன் தீர்க்கக் கடன்பட்ட வீட்டின் கதி என்னவென்பது நம் கிராமங்களிற் காணாததன்று. 1838-இல் பிரான்சு எஞ்சிய தொகையை 6 கோடியாகக் குறைத்து, மொத்தம் 9 கோடி என்றாக்கி, முப்பதாண்டுத் தவணை தந்தது. அப்பணமெல்லாம் பெரும்பாலும் காப்பியின்மேல் விதித்த ஏற்றுமதி வரியாற் பெறப்பட்டது. அதாவது, மலைச்சாரலில் ஒரு காணி காப்பி வளர்த்தவன் முதுகிலேயே விழுந்தது. அவனுடைய ஊருக்குச் சாலையில்லை, பள்ளியில்லை. தவணையைத் தீர்க்க மேலுமேலும் கடன்கள் எழுந்தன. 1880-இல் நிறுவிய தேசிய பாங்கியும் பாரிஸ் முதலாளிகளுடையதாகவே இருந்தது. 1914 டிசம்பரில் அமெரிக்கக் கடற்படையினர் அதிலிருந்து ஐந்து லட்சம் டாலர் பெறுமான பொன்னை நியூயார்க்கிற்கு எடுத்துச் சென்றனர். மறு ஆண்டே நாட்டைக் கைக்கொண்டு 1934 வரை ஆண்டனர். அயலார் நிலம் வாங்கலாகாதென்று தெசாலீன் காலந்தொட்டு வந்த தடையும், அவர் காலத்தில் 1918-ஆம் ஆண்டு அரசியற் சட்டத்தால் நீங்கிற்று. பழங்கடன்களைத் திரட்டி 1922-இல் நியூயார்க்கில் வாங்கிய கடன் 1947-இலேதான் தீர்ந்தது. நூற்றிருபத்திரண்டு ஆண்டு! ஆளத் தெரியாதவர் என்போர் இவ்வெண்ணை முதலில் மனனஞ் செய்க.

அமெரிக்க ஐக்கிய நாடு ஹெயிட்டியை ஓர் அரசென ஒப்புக்கொண்டது 1862-இலேதான். தென் மாகாணங்களின் அடிமைகள் அதனைக் கண்டு கற்றுக்கொள்வர் என்னும் அச்சமே அத்தாமதத்திற்குக் காரணம். அஞ்சியது பொய்யன்று. பெத்தியோன் 1816-இல் பொலிவாருக்குப் படைக்கலமும் கப்பலும் உதவியபோது, நீர் விடுவிக்கும் நாடுகளில் அடிமைகளையும் விடுவித்தல் வேண்டும் என்பதொன்றையே கைம்மாறாகக் கேட்டார்.

இவ்வளவும் அயலார் செய்தவை. ஆயினும் தாமே விளைத்துக்கொண்ட தீங்கும் உண்டு. போரிற் பிறந்த நாடாதலின் படைத்தலைவரே அரசராயினர். ஆட்சி மாறுதல் என்பது பெரும்பாலும் படையெழுச்சியாகவே நிகழ்ந்தது. 1805-ஆம் ஆண்டுச் சட்டம் அழித்த நிறவேற்றுமை, கல்வியும் வாணிகமும் உடைய கலப்பு மரபினர்க்கும் கறுப்பு உழவர்க்கும் இடையே மீண்டும் முளைத்தது. அதனினும் ஆழமானது மொழிவேற்றுமை. யாம் தமிழாசிரியத் தொழிலினர் ஆதலின் இதனைக் கூறாது மேற்செல்ல மனமில்லை. ஹெயிட்டியர் அனைவர்க்கும் தாய்மொழி கிரயோல். விடுதலையைப் பறைசாற்றிய பத்திரமோ பிரெஞ்சில் எழுதப்பட்டது. சட்டமும் நீதிமன்றமும் பள்ளியும் பிரெஞ்சிலேயே நடந்தன. பிரெஞ்சில் தடையின்றிப் பேசுவோர் மக்களுள் மிகச் சிறு பகுதியினர். தன் நிலத்தைப் பற்றிய பத்திரத்தைத் தானே படிக்கவியலாத உழவன், எழுத்தறிந்தவனுடைய நாணயத்தையே நம்பவேண்டியவனானான். குழந்தை தான் அறியாத மொழியில் நெட்டுருப் பண்ணி, பொருளறியாது ஒப்புவித்து, இரண்டொரு ஆண்டில் பள்ளியை விட்டு நீங்கிற்று. அத்தகைய வகுப்பறையில் ஆசிரியன் படும் வெட்கத்தை யாம் அறிவோம். 1979-இல் எழுந்த கல்விச் சீர்திருத்தத்தாற்றான் கிரயோல் தொடக்கப்பள்ளியில் போதனாமொழியாக நுழைந்தது. அப்போதும் பெற்றோர் பலர், ஏழைப் பிள்ளையைப் பிரெஞ்சு வாராது தடுக்கும் சூழ்ச்சியோ இது என்று ஐயுற்றனர். 1987-ஆம் ஆண்டு அரசியற் சட்டம் கிரயோலைப் பிரெஞ்சோடு ஒப்ப ஆட்சிமொழி யாக்கிற்று. அச்சட்டமும் இரு மொழியிலும் எழுதப்பட்டது.

கடனைப் பற்றிய வழக்கு இன்னும் ஓயவில்லை. 2003-இல் குடியரசுத் தலைவர் அரிஸ்தீது, பறிக்கப்பட்ட தொகையை வட்டியோடு திருப்பித் தருக எனப் பிரான்சைக் கேட்டார். மறு ஆண்டே அவர் ஆட்சி கவிழ்ந்தது. பத்தாம் சார்லஸின் கட்டளைக்கு இருநூறாண்டு நிறைந்த 2025 ஏப்ரல் 17-ஆம் நாள், பிரான்சின் தலைவர் மக்ரோன், இரு நாட்டுச் சரித்திர அறிஞரும் கூடி அதனை ஆராயும் குழுவொன்று அமைக்கப்படும் என்று அறிவித்தார். பணத்தைத் திருப்பித் தருவது பற்றி அவ்வறிவிப்பில் ஒரு சொல்லும் இல்லை.