மூச்சும் பொறியும்

நெதர்லாந்து நாட்டுத் திரைப்பட வரலாற்றில், கண்ணாடி ஊதும் தொழிலாளியின் உப்பிய கன்னங்களுக்குத் தனியிடம் உண்டு. 1931இல் ஐந்தோவன் நகரின் பிலிப்ஸ் நிறுவனம், தன் வானொலித் தொழிற்சாலையைப் பற்றி ஒரு படம் எடுக்குமாறு யோரிஸ் ஐவன்ஸ் என்னும் இளம் இயக்குநரைக் கேட்டுக்கொண்டது. அவரோ பொருளை மட்டும் காட்டி அமையவில்லை. வானொலிக் குழல்களுக்கான கண்ணாடியை வாயால் ஊதுவோரின் முகங்களை மிக அண்மையில் சென்று காட்டினார். ஒரு பொருளின் விலையில் ஒரு மனிதனின் மூச்சும் அடங்கியுள்ளது என்பதைப் பார்ப்போர் உணர்ந்தனர்.

27 ஆண்டுகளுக்குப் பின், 1958இல், லேர்டாம் கண்ணாடித் தொழிற்சாலைக்காக பெர்ட் ஹான்ஸ்த்ரா ஒரு விளம்பரப் படம் எடுத்தார். அத்துடன் நில்லாது, தம் உள்ளத்திற்கு உகந்தவாறு மற்றொரு குறும்படத்தையும் உருவாக்கினார். 'கண்ணாடி' என்பதே அதன் பெயர். ஏறத்தாழப் பத்து நிமிடங்களே ஓடும் அப்படத்தில் விளக்கவுரை கிடையாது. 1959ஆம் ஆண்டிற்குரிய ஆஸ்கர் விருதை ஆவணக் குறும்படப் பிரிவில் அது பெற்றது.

படத்தின் முற்பகுதியில், தொழிலாளர்கள் நீண்ட குழலின் நுனியில் உருகிய கண்ணாடியை எடுத்துச் சுழற்றி ஊதுகின்றனர். குழலின்மேல் அசையும் அவர்தம் விரல்கள் இசைக்கருவியை மீட்டுவன போலத் தோன்ற, ஜாஸ் இசை அதற்கு இயைந்து ஒலிக்கிறது. பின்னர் காட்சி மாறுகிறது. பொறிகள் ஒரே அச்சில் குப்பிகளை வார்த்துத் தள்ளுகின்றன. திடீரென ஒரு குப்பியின் கழுத்து உடைந்து சிக்கிக்கொள்கிறது. அடுத்தடுத்து வரும் குப்பிகள் அதில் மோதி விழுந்து நொறுங்குகின்றன. பொறியோ ஒன்றும் அறியாது மேலும் மேலும் அனுப்புகிறது. இறுதியில் ஒரு மனிதக் கை வந்து தடையை நீக்கியபின்னரே ஒழுங்கு திரும்புகிறது.

பொறியைப் பழிப்பது இப்படத்தின் நோக்கம் என்று கருதவேண்டியதில்லை. உலைவெப்பத்தில் நின்று ஊதுவது எளிய பணியன்று. மலிவான குப்பிகள் எல்லார்க்கும் கிட்டியது பொறியால்தான். ஆயினும், பொறிக்கு வேகம் உண்டு, கவலை இல்லை. தன் செயலால் எது உடைகிறது என்று நின்று பார்ப்பது மனிதனுக்கே உரியது.

இன்று உடைந்த குப்பியைக் கண்டறியும் மின்னணுக் கண்கள் ஆலைகளில் உண்டு. ஆனால் உடைவது குப்பியாக இராமல் மனித வாழ்வாக இருப்பின், வேகத்தை நிறுத்தவேண்டிய கை எவருடையது? ஹான்ஸ்த்ராவின் படம் சொல்லின்றி விட்டுச்செல்லும் வினா இதுவே.