இங்கு விளம்பரம் செய்யாதீர்

சோழவந்தானில் பெரியம்மா வீட்டு வெளிச்சுவரில் நீல எழுத்தில் ஒரு வரி இருந்தது: 'இங்கு விளம்பரம் செய்யாதீர்.' பெரியப்பா ஆள் வைத்து எழுதியது. மதுரையிலும் சுற்று வட்டாரத்திலும் வளர்ந்தவர்களுக்கு இந்த வரி புதிதில்லை. அந்த வரியின் மேலேயே காதணி விழா போஸ்டர் ஒட்டியிருப்பதும் புதிதில்லை. பெரியப்பா காலையில் எழுந்ததும் வாளித் தண்ணீரும் தென்னந்துடைப்பமுமாகப் போய் மைதாப் பசையைச் சுரண்டிக்கொண்டிருப்பார். "எம் சுவத்துல எழுத எனக்கு இல்லாத உரிமை இவனுக்கு எங்கிட்டிருந்துடா வந்துச்சு?" என்பார்.

அந்தக் கேள்வி 2021 மே மாதத்தில் எனக்கு மறுபடி நினைவுக்கு வந்தது. கொரோனா இரண்டாம் அலை. பெரியம்மாவின் மகன் மதுரைப் பெரியாஸ்பத்திரியில் இருந்தான். உள்ளே யாரையும் விடவில்லை, போன் மட்டும்தான் தொடர்பு. பெரியம்மா கையில் இருந்தது பேரன் பழசாகிப்போனதென்று கொடுத்துவிட்டுப் போன ஆண்ட்ராய்டு 7 போன். மகன் கூப்பிடும்போதெல்லாம் அழைப்புக்கு மேலே திரை முழுக்க ஒரு விளம்பரம் வந்து நின்றது. அதிலும் ஒரு பச்சைப் பொத்தான். பெரியம்மா அதை அழுத்த, ஏதோ சீட்டு விளையாட்டின் பக்கம் திறந்தது. மூன்று முறை இப்படி. நான்காவது முறை அவன் எனக்குக் கூப்பிட்டான். "அம்மாவுக்கு என்னாச்சுன்னு பாருண்ணே, போன எடுக்க மாட்டேங்குறாங்க." நல்லவேளை, அவனுக்கு வேண்டியிருந்தது ஒரு போர்வையும் இரண்டு கைலியும்தான். வேறு செய்தியாகவும் இருந்திருக்கலாம்.

அந்தப் போனைச் சரிசெய்ய உட்கார்ந்தபோதுதான் இதற்கு எவ்வளவு நீண்ட கதை இருக்கிறது என்று யோசிக்கத் தொடங்கினேன்.

கேட்காதவர் காதிலும் விழுவதுதான் விளம்பரம். ஊரில் தண்டோரா போட்டது அப்படித்தான். குதிரை வண்டியில் சினிமா நோட்டீஸ் வீசிப் போனதும் அப்படித்தான். ஆனால் தண்டோரா தெருவோடு போய்விடும். நோட்டீஸைப் பிள்ளைகள் பொறுக்கிக் கப்பல் செய்துவிடுவார்கள். சுவர் விளம்பரம் அப்படிப் போவதில்லை, அடுத்தவர் இடத்தில் தங்கிவிடுகிறது. சிக்கலே அங்குதான் தொடங்கியது. திறந்தவெளி இடங்களின் தோற்றத்தைக் கெடுப்பதைத் தடுக்கும் சட்டம் 1959லேயே வந்துவிட்டது. அப்போது இது இன்னும் சென்னை மாநிலம். சட்டம் வந்து அறுபது ஆண்டு தாண்டியும், தேர்தலுக்கு முன்பே கட்சிப் பெயரும் ஆண்டும் எழுதிச் சுவரைப் பிடித்துவைக்கும் வழக்கம் நிற்கவில்லை. தனியார் சுவரில் எழுத வேண்டுமானால் உரிமையாளரின் சம்மதம் வேண்டும் என்பது தேர்தல் ஆணையத்தின் விதி. நடைமுறையில் வேண்டாம் என்பவர்தான் பெயிண்ட் வாங்கி எழுதிவைக்க வேண்டும்.

பிறகு ஃப்ளெக்ஸ் வந்தது. ஒரே இரவில் அச்சடித்து மறுநாள் விடிவதற்குள் கட்டிவிடலாம். மதுரை இதற்குப் பேர்போன ஊர். பூப்புனித நீராட்டு விழாவிலிருந்து முப்பதாம் நாள் அஞ்சலி வரை எல்லாவற்றுக்கும் நாற்சந்தியில் ஒரு முகம் உண்டு. 2019 செப்டம்பர் 12 அன்று சென்னை பள்ளிக்கரணையில், திருமண வரவேற்புக்காகச் சாலை நடுவே கட்டிய பேனர் சரிந்து, இருசக்கர வண்டியில் போன 23 வயது மென்பொருள் பொறியாளர் மேல் விழுந்தது. நிலைதடுமாறி விழுந்தவர் மேல் பின்னால் வந்த தண்ணீர் லாரி ஏறியது. உயர் நீதிமன்றம் அரசைக் கடுமையாகக் கேள்வி கேட்டது. கட்சித் தலைவர்கள் எங்களுக்குப் பேனர் வைக்காதீர்கள் என்று அறிக்கை விட்டார்கள். பார்வையை மறைப்பது வெறும் எரிச்சல் அல்ல, அது ஆளையே விழுங்கும் என்று ஊருக்கே தெரிந்த நாள் அது.

இதற்கிடையே விளம்பரம் போனுக்குள் நுழைந்துவிட்டிருந்தது. முதலில் குரலாக. கடன் வேண்டுமா, கிரெடிட் கார்டு வேண்டுமா என்று மத்தியானத் தூக்கத்தில் எழுப்புவார்கள். அமெரிக்கா 2003ல் 'கூப்பிடாதே' பதிவேடு தொடங்கியது. இந்தியாவில் 2005ல் ஒரு வழக்கறிஞர் உச்ச நீதிமன்றம் போனார். 2007ல் டிராய் விதிமுறை கொண்டுவந்து பதிவேடு தொடங்கியது. அது போதாமல் 2011 செப்டம்பர் 27 முதல் இன்னும் கடுமையான விதிகள் நடைமுறைக்கு வந்தன. விற்பனை அழைப்புகளுக்கு 140 என்று தொடங்கும் எண்கள் தரப்பட்டன. 1909க்குச் செய்தி அனுப்பினால் தொந்தரவு இராது என்றார்கள். கவனித்தால் இதுவும் பெரியப்பாவின் நீல எழுத்துதான். கூப்பிடுபவன் அனுமதி கேட்க வேண்டியதில்லை, கூப்பிடப்படுபவர்தான் வேண்டாம் என்று எழுதிக் கொடுக்க வேண்டும்.

இணையத்தில் இதன் தொடக்கம் இன்னும் விசித்திரமானது. 1990களின் நடுவில் அமெரிக்காவில் டிரைபாட் என்றொரு தளம். யார் வேண்டுமானாலும் இலவசமாகப் பக்கம் வைத்துக்கொள்ளலாம். செலவுக்கு விளம்பரம். ஒரு கார் நிறுவனத்தின் விளம்பரம் ஆபாசமான பக்கம் ஒன்றில் வந்துவிட, நிறுவனம் கொதித்தது. விளம்பரத்தைப் பக்கத்திலிருந்து பிரித்துத் தனி ஜன்னலில் திறந்துவிட்டால் இரண்டுக்கும் சம்பந்தம் இல்லையென்று சொல்லிவிடலாமே என்று அங்கே வேலை பார்த்த ஈத்தன் சக்கர்மேன் அதற்கான நிரலை எழுதினார். அதுதான் பாப்-அப். 2014 ஆகஸ்டில் அட்லாண்டிக் இதழில் எழுதிய கட்டுரையில் அவர் அதற்காக மன்னிப்புக் கேட்டார். நல்ல எண்ணத்தோடுதான் செய்தோம் என்றார். பாப்-அப்பை விட, இணையமே விளம்பரத்தை நம்பி நிற்கும்படி ஆனதுதான் அவருடைய பெரிய வருத்தம்.

கணினியில் இதற்கு மருந்து வந்துவிட்டது. 2004 ஆகஸ்டில் விண்டோஸ் எக்ஸ்பிக்கு வந்த சர்வீஸ் பேக் 2, இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரரிலேயே பாப்-அப் தடுப்பைச் சேர்த்தது. அதே ஆண்டு நவம்பரில் வெளியான ஃபயர்பாக்ஸ் 1.0 தடுப்போடுதான் வந்தது. ஆனால் தொடுதிரைப் போனில் விளம்பரம் உலாவியோடு நிற்கவில்லை. டார்ச், துப்புரவு, பேட்டரி சேமிப்பு என்று இலவசமாக இறங்கும் செயலிகளே விளம்பரத்தைச் சுமந்து வந்தன. பிற செயலிகளின் மேல் தோன்றும் அனுமதி ஒன்று ஆண்ட்ராய்டில் உண்டு. அரட்டைக் குமிழி போன்ற நல்ல காரியங்களுக்காக வைத்தது. அதை வாங்கிக்கொண்ட செயலி எதன் மேலும் வந்து நிற்கலாம், வரும் அழைப்பின் மேலும்கூட. 2020 பிப்ரவரியில் கூகுள் ஏறக்குறைய 600 செயலிகளைத் தன் கடையிலிருந்து நீக்கியது. ஒருவர் போன் பேசப் போகும்போதோ திரையைத் திறக்கும்போதோ திடீரென்று முழுத்திரை விளம்பரம் காட்டுவதை இடையூறுக்கு உதாரணமாக அப்போது சொன்னது. பெரியம்மாவுக்கு நடந்தது அப்படியே அதுதான்.

ஆனால் கடையிலிருந்து நீக்குவது வேறு, கையில் இருக்கும் போனிலிருந்து போவது வேறு. மதுரைக்காரர்கள் இதை முன்பே கண்டவர்கள். விளம்பர விவகாரம் அல்ல அது. 2019 ஏப்ரல் 3 அன்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை டிக்டாக்கைத் தரவிறக்கத் தடை விதிக்கச் சொல்லி இடைக்கால உத்தரவு போட்டது. இரண்டு வாரத்தில் கடைகளில் டிக்டாக் காணாமல் போனது. ஏற்கெனவே போனில் வைத்திருந்தவர்கள் பாட்டுக்கு ஆடிக்கொண்டேயிருந்தார்கள். 24ம் தேதி தடையும் நீங்கியது.

பெரியம்மாவின் போனில் என்ன செய்தோம் என்பதையும் சொல்லிவிடுகிறேன், யாருக்காவது உதவும். விளம்பரம் திரையில் நிற்கும்போதே, சமீபத்தில் திறந்தவற்றைக் காட்டும் பொத்தானை அழுத்தினோம். விளம்பரம் எந்தச் செயலியின் பெயரில் வருகிறது என்று அங்கே தெரிந்தது. ஒரு டார்ச் செயலி. அந்தப் போனிலேயே டார்ச் இருக்கிறது என்பது பெரியம்மாவுக்குத் தெரியாது. நீக்கப் போனால் நீக்கும் பொத்தான் மங்கிக் கிடந்தது. அது தன்னைச் சாதன நிர்வாகியாகப் பதிந்து வைத்திருந்தது. அமைப்புகளில் பாதுகாப்புப் பகுதிக்குப் போய் அந்த உரிமையைப் பிடுங்கிய பிறகுதான் நகர்ந்தது. பிற செயலிகளின் மேல் தோன்றும் அனுமதியை மிச்சம் எல்லாவற்றுக்கும் அடைத்தோம். குரோமில் தள அமைப்புகளுக்குப் போய், அறிவிப்பு அனுப்ப அனுமதி வாங்கியிருந்த இணையதளங்களை நீக்கினோம். செய்தி படிக்க ஃபயர்பாக்ஸும் அதில் யூபிளாக் ஆரிஜினும் போட்டோம். மொத்தம் அரை மணி நேரம்தான்.

இந்த அரை மணி நேரம் எல்லாருக்கும் தேவைப்படுவதில்லை என்பதுதான் என்னை உறுத்தியது. ஆண்ட்ராய்டு 9ல், 2018ல், போன் முழுவதற்குமே விளம்பர முகவரிகளை வடிகட்ட உதவும் தனியார் டிஎன்எஸ் வசதி வந்தது. 2019ல் வந்த ஆண்ட்ராய்டு 10, பின்னணியில் கிடக்கும் செயலி தானாக எழுந்து திரையைப் பிடிப்பதைக் கட்டுப்படுத்தியது. புதுப் போன் வாங்க முடிந்தவர்களுக்கு இவை தாமாகவே கிடைத்தன. பழைய போன் கை மாறிக் கை மாறிப் போவதோ பாட்டிகளிடமும் வீட்டு வேலை செய்பவர்களிடமும் ஆன்லைன் வகுப்புப் பிள்ளைகளிடமும். எந்தப் பொத்தான் உண்மை, எது போலி என்று பிரித்தறிவது யாருக்கு மிகக் கடினமோ அவர்கள் கையில்தான் காவலில்லாத போன் இருந்தது.

இதற்கு மறுபக்கமும் உண்டு. பெரியம்மா காசு கொடுக்காமல் படிக்கும் செய்தித்தளங்கள் விளம்பரத்தில்தான் சம்பளம் கொடுக்கின்றன. எல்லாரும் அடைத்துவிட்டால் அவையும் அடைந்துவிடும். பக்கத்தின் ஓரத்தில் இருக்கும் விளம்பரத்தின் மேல் எனக்குக் கோபமில்லை. மகனின் குரலுக்கும் தாயின் காதுக்கும் நடுவே வந்து நின்றதுதான் கோபம். வரும் முன் கேட்டிருந்தால் பெரியம்மா வேண்டாம் என்றிருப்பார். 2022ல் வந்த ஆண்ட்ராய்டு 13ல் புதிதாக நிறுவும் செயலி அறிவிப்பு அனுப்பும் முன் அனுமதி கேட்டாக வேண்டும். அறிவிப்புக்கு மட்டும்தான் என்றாலும், கேட்க வேண்டிய கடமை ஒட்ட வருபவன் பக்கம் போயிருக்கிறது. பெரியப்பா கேட்டதும் இதைத்தான்.

போன பொங்கலுக்கு ஊருக்குப் போயிருந்தேன். மகன் புதுப் போன் வாங்கிக் கொடுத்திருக்கிறான். அது ஏதாவது கேட்டால் பெரியம்மா படிக்காமலே 'வேண்டாம்' என்று அழுத்திவிடுகிறார். வாசலுக்கு வந்து பார்த்தால் வெளிச்சுவர் முழுக்க ஒரு சிமெண்ட் விளம்பரம், மஞ்சளும் சிவப்புமாக. நீல எழுத்தைக் காணவில்லை.

"என்ன பெரியம்மா இது?"

"சும்மாதானப்பா அடிச்சுக் குடுத்தாய்ங்க. வெள்ளையடிக்க ஆளு என்ன கூலி கேக்குறான் தெரியுமா?"

கேட்டுவிட்டுத்தான் அடித்தார்களாம். நான் ஒன்றும் சொல்லவில்லை.