கீரிமலை நாய்க்கு என்ன வாங்குவது? கடைத் தட்டுக்குப் பின்னால் ஒரு வரலாறு

கீரிமலை எண்ட பேரிலேயே ஒரு விலங்கு இருக்கு. கீரி முகத்தோட இருந்த நகுல முனிவர் இந்தத் தீர்த்தத்தில் நீராடித் தன் முகத்தைத் திரும்பப் பெற்றார் என்பது தலக்கதை. குதிரை முகத்தோட வந்த சோழ இளவரசி மாருதப்புரவீகவல்லிக்கும் இந்தத் தண்ணிதான் மருந்து. அவளின்ர குதிரை முகம் நீங்கினதாலதான் பக்கத்து ஊருக்கு மாவிட்டபுரம் எண்டு பேர் வந்தது எண்டும் சொல்லுவினம். கதையை நம்புறதும் விடுறதும் அவரவர் விருப்பம். எங்கட கண்ணில் பட்டது வேறை விசயம். ஊர்க்கதையில் கீரிக்கும் குதிரைக்கும் இடம் கிடைச்சிருக்கு. படலையடியில் படுத்திருக்கிற நாய்க்கு இல்லை.

இந்தக் கட்டுரை அந்த நாயைப் பற்றியது. இன்னும் சரியாச் சொன்னால், நாய்க்கு எண்டு இப்ப கடைகளில் அடுக்கி வைச்சிருக்கிற ஷாம்பூ, உண்ணி மருந்து, பூச்சிக் குளிசை, பிஸ்கற் எல்லாம் எந்தக் காலத்தில், யாற்ற தேவைக்கு உருவானவை, அதில் எதை முதலில் வாங்க வேண்டும் எண்டதைப் பற்றியது.

இந்தக் கேள்வி சும்மா வரேல்லை. எங்களில் ஒருத்தரின்ர வீடு கீரிமலையில். அங்க ஜிம்மி எண்டு ஒரு கலப்பு நாய் வளருது. தாய் ஊர்நாய், தகப்பன் அல்சேசன் எண்டு அயலாக்கள் சொல்லுவினம். ஒரு இடத்தில் நிக்காது. கடற்கரைக்கு ஓடும், இடிஞ்சு கிடக்கிற வளவுகளுக்குள்ள பூரும், கேணிக்கு வாற சின்னப் பிள்ளையளோட விளையாடும். அதுக்கு வருத்தம் வந்தால் அது அந்த வீட்டுப் பிரச்சினை மட்டும் இல்லை. நாங்கள் நாலு பேரும் மாணவர்கள், காசு மட்டுமட்டு. ஆகவே எது முதல், எது பிறகு, எது தேவையே இல்லை எண்டு தீர்மானிக்க வேண்டியிருந்தது. கலைப்பீடத்துப் பிள்ளையள் வேறை என்ன செய்வம்? வரலாற்றைத் தேடினோம்.

விலங்குகளுக்கு வைத்தியம் செய்வது எங்கட பகுதிக்குப் புதுசில்லை. கி.மு. 3ஆம் நூற்றாண்டில் அசோகன் வெட்டுவித்த இரண்டாம் பாறைச் சாசனம், மனிதருக்கும் விலங்குகளுக்கும் என இரண்டு வகை வைத்திய ஏற்பாடுகளைச் சொல்லுது. அந்த ஏற்பாடு சென்ற இடங்களாகச் சோழர், பாண்டியர் நாடுகளையும் தாம்பபர்ணி என்ற பேரில் இலங்கையையும் குறிப்பிடுது. யானைக்கும் குதிரைக்கும் வைத்தியரை நியமித்த புத்ததாச மன்னனைப் பற்றி மகாவம்சத்தின் தொடர்ச்சி சொல்லுது. தமிழில் மாட்டு வாகடம் என்று தனியாக ஏடுகள் இருந்தன. யானை போருக்கு, குதிரை போருக்கு, மாடு உழவுக்கு. பயன் இருந்த விலங்குக்கு வைத்தியமும் ஏடும் இருந்தது. நாய் காவல் காத்தது, வேட்டைக்குப் போனது. ஆனால் அது செத்தால் இன்னொரு குட்டி வரும் எண்ட கணக்குத்தான் பெரும்பாலும் இருந்திருக்க வேண்டும்.

நாய் அரசாங்கத்தின்ர கடதாசிக்குள்ள பெரிசாக வந்தது பயத்தால்தான். பிரித்தானியர் காலத்தில் 1893ஆம் ஆண்டு விசர்நாய் நோய் பற்றிய கட்டளைச் சட்டம் வந்தது. 1901இல் நாய்களைப் பதிவுசெய்யும் கட்டளைச் சட்டம் வந்தது. இந்தச் சட்டங்கள் நாயைப் பார்த்தது நோயைக் காவுகிற ஒண்டாகத்தான். சொந்தக்காரன் இருந்தால் பதி, இல்லாட்டில் பிடி, கொல். நாயின்ர உடல்நலம் அங்க பேச்சே இல்லை.

ஆனால் அதே பயத்தில் இருந்துதான் ஜிம்மிக்கு இண்டைக்கு மிகவும் தேவையான பொருளும் பிறந்தது. 1885 யூலையில் பரிசில் லூயி பாஸ்டர், விசர்நாய் கடித்த யோசப் மெய்ஸ்ரர் எண்ட ஒன்பது வயதுப் பொடியனுக்குத் தன்ர தடுப்பு மருந்தை ஏற்றினார். பொடியன் தப்பினான். 1907இல் நீலகிரியில் குன்னூர் பாஸ்டர் நிலையம் தொடங்கியது. 1911இல் கசௌலியில் டேவிட் செம்பிள் ஆட்டு மூளையில் இருந்து ஒரு தடுப்பு மருந்தைச் செய்தார். எங்கட அம்மம்மா, அப்பப்பாமார் பயந்து பயந்து சொல்லுற தொப்புளைச் சுற்றிப் போடுற பதினாலு ஊசி அந்த வழியில் வந்ததுதான். இப்ப மனிதருக்கு அந்த ஊசி இல்லை, கையில் போடுற புது மருந்து இருக்கு.

இதில கவனிக்க வேண்டியது ஒண்டு. நூற்றாண்டுக்கு மேலாக நாய்களைக் கொன்றும் விசர் ஒழியேல்லை. 1973இல் இலங்கையில் விசர்நாய் நோயால் இறந்தவர்கள் 377 பேர். எழுபதுகளின் நடுப்பகுதியில் தொடங்கிய தேசியத் திட்டத்தில், நாய்களுக்குத் தடுப்பூசி போடுவது பரவலானதும், மனிதருக்குச் சிகிச்சை கிடைக்கத் தொடங்கினதும் சேர்ந்துதான் அந்த எண்ணிக்கையைக் கீழே கொண்டுவந்தது. 2006இல் தெருநாய்களைக் கொல்வதில்லை எண்ட கொள்கையை அரசு எடுத்தது. ஒரு பகுதியில் நூற்றுக்கு எழுபது நாய்களுக்காவது ஊசி போட்டால் நோய்ச் சங்கிலி அறும் எண்டு உலக சுகாதார நிறுவனம் சொல்லுது. நாயைக் காப்பாற்றினால் மனிதரும் தப்புவினம் எண்டதை விளங்கிக்கொள்ள இவ்வளவு காலம் எடுத்திருக்கு.

ஆகவே எங்கட பட்டியலில் முதல் பொருள் கடையில் விக்கிற ஒண்டில்லை. வருசா வருசம் போடுற விசர்நாய்த் தடுப்பூசி. அரச சேவையில் அதை இலவசமாகவே போடுகினம். அந்த அட்டையைப் பத்திரமாக வைக்க வேணும். நாய் யாரையும் கடித்தால் அந்த அட்டைதான் முதலில் கேட்கிற சாமான். கடிபட்டவர் காயத்தைச் சவர்க்காரம் போட்டு ஓடுற தண்ணியில் பதினைஞ்சு நிமிசம் கழுவிப்போட்டு உடன ஆஸ்பத்திரிக்குப் போக வேணும். நோயின் அறிகுறி வந்தபிறகு அதைக் காப்பாற்ற மருந்து இல்லை எண்டே சொல்லலாம்.

இரண்டாவது பொருள் உண்ணி மருந்து. இதன்ர கதையில் போர் வருது, முதலாம் உலகப் போரில் இருந்தே. யாழ்ப்பாணத்தில் நாங்கள் இண்டைக்கும் சொல்லுற அல்சேசன் எண்ட பேர் அந்தப் போர் தந்த பேர். ஜேர்மன் எண்ட சொல்லே பிரித்தானியருக்குக் கசந்த நேரத்தில், ஜேர்மன் ஷெப்பர்ட் நாயை அவர்கள் அல்சேசன் எண்டு பதிந்தார்கள். 1977இல்தான் அங்க பழைய பேரைத் திரும்ப அனுமதித்தார்கள். எங்கட ஊரில் பேர் மாறவே இல்லை.

வியட்நாம் போரில் அமெரிக்கப் படை கொண்டுபோன நாய்களில் பெரும்பாலானவை இந்த இனம். 1968இற்கும் 1970இற்கும் இடையில் அவற்றில் நூற்றுக்கு மேற்பட்டவை மூக்கால் இரத்தம் வடிந்து, மெலிந்து செத்தன. காரணம் எர்லிக்கியா எண்ட கிருமி. 1935இல் அல்ஜீரியாவில் நாய்களில் முதலில் விவரிக்கப்பட்டது. அதைக் கடத்துறது பழுப்பு நாய் உண்ணி. எங்கட வீட்டுச் சுவரில் ஏறுதே, அதே உண்ணிதான். அல்சேசன் இனத்தை இந்த நோய் மற்ற நாய்களை விடக் கடுமையாகத் தாக்குது எண்டதும் அந்தப் போரில்தான் தெளிவாகத் தெரிந்தது. தகப்பன் அல்சேசனாக இருக்கிற கலப்பு நாயை வைச்சிருக்கிற ஆக்களுக்கு இது பழைய செய்தி இல்லை.

கீரிமலைக்கு இது இன்னும் பொருந்தும். 1990இல் சனம் இடம்பெயர்ந்தது, ஊர் உயர் பாதுகாப்பு வலயத்துக்குள் போனது. நாயை விட்டுட்டு வந்த கதை இல்லாத குடும்பம் குறைவு. காணிகள் கொஞ்சம் கொஞ்சமாக விடுபட்டு ஆக்கள் திரும்பின பிறகும், கூரை இல்லாத சுவர்களும் பற்றைகளும் பல இடங்களில் மிச்சம். பழுப்பு உண்ணி தன்ர வாழ்நாளில் பெரும்பகுதியை நாயின்ர உடம்பில் கழிக்கிறதில்லை. இரத்தம் குடிச்சுப் பெருத்த பெண் உண்ணி கீழ விழுந்து, சுவர் வெடிப்புக்குள்ள ஆயிரக்கணக்கில் முட்டை இடும். ஆகவே நாயில் மட்டும் மருந்து பூசிவிட்டு, அது படுக்கிற திண்ணையையும் சாக்கையும் விட்டால் பாதி வேலைதான் முடிஞ்சது.

உண்ணிக்கும் தெள்ளுக்கும் போட்ட மருந்துகளும் போர்க்காலச் சரக்குத்தான். 1939இல் போல் முல்லர் டி.டி.ரி.யின் பூச்சி கொல்லும் தன்மையைக் கண்டுபிடித்தார், 1948இல் அதுக்கு நோபல் பரிசு. போரில் படையினரின் பேன் கொல்லப் பயன்பட்டது, பிறகு இலங்கையில் மலேரியாவுக்கு எதிராக வீடு வீடாக அடிக்கப்பட்டது. வெளிநாடுகளில் அதே பவுடரை நாய்க்குத் தூவுறதுக்கும் ரின்னில் அடைச்சு வித்தார்கள். அதன் தீங்கு தெரிய வர வருசங்கள் சென்றன. இப்ப 2013, 2014 காலத்தில் சந்தைக்கு வந்த புதுவகைக் குளிசைகள் உண்ணியை நல்லாக் கொல்லுது. ஆனால் சில நாய்களுக்கு வலிப்பு வரலாம் எண்டு அமெரிக்க உணவு, மருந்து நிர்வாகம் 2018இல் எச்சரித்தது. வலிப்பு வந்த நாய் எண்டால் மிருக வைத்தியரிடம் அதைச் சொல்லியே வாங்க வேணும்.

மூன்றாவது பூச்சி மருந்து. இங்கதான் கலப்பு எண்ட சொல் முக்கியமாகுது. ஐவர்மெக்டின் எண்ட மருந்து யப்பானில் சதோஷி ஓமுரா எடுத்த மண்ணில் இருந்த ஒரு நுண்ணுயிரில் இருந்து வந்தது. 1981இல் கால்நடைகளுக்கு விற்பனைக்கு வந்தது, பிறகு ஆபிரிக்காவில் ஆற்றுக் குருட்டு நோய்க்கு எதிராக இலட்சக்கணக்கான மனிதரின் கண்ணைக் காப்பாற்றியது. ஓமுராவுக்கும் வில்லியம் கம்பெலுக்கும் 2015இல் நோபல் பரிசில் பங்கு கிடைத்தது. இவ்வளவு நல்ல மருந்து, ஆனால் சில கொலி நாய்களுக்கு அது நஞ்சாச்சுது. மருந்து மூளைக்குள் போகாமல் தடுக்கிற ஒரு மரபணுவில் குறை இருக்கிறதே காரணம் எண்டு 2001இல் கண்டுபிடித்தார்கள். அந்தக் குறை கொலியில் அதிகம். அல்சேசனிலும் கலப்பு நாய்களிலும் சிலதில் இருக்கு. மாட்டுக்குக் கொண்டுவந்த ஊசியில் கொஞ்சத்தை நாய்க்கும் போட்டுவிடுறது எங்கட பக்கத்தில் சாதாரணம். ஊர்நாய்க்கு எதுவும் தாங்கும் எண்டு சொல்லுவினம். அந்த நாய்க்குள்ள யாற்ற இரத்தம் ஓடுது எண்டு எங்களுக்கு எப்படித் தெரியும்? நிறுத்துப் பார்த்து, நாய்க்கு எண்டு தந்த மருந்தை, சொன்ன அளவில்தான் குடுக்க வேணும்.

இனி மிச்சம் வியாபாரத்தின் பிள்ளைகள். நாய் பிஸ்கற்றை 1860 அளவில் இலண்டனில் ஜேம்ஸ் ஸ்பிராட் எண்ட அமெரிக்கர் விக்கத் தொடங்கினார். வாங்கினவர்கள் வேட்டை நாய் வைச்சிருந்த கனவான்கள். அதுக்கு முந்தியும் நாய்கள் உயிரோடதான் இருந்தன. சோறும் மீனும் முட்டையும் ஜிம்மிக்குக் காணும். ஆனால் கறிச்சட்டியில் இருந்து அப்படியே வழிக்கக் கூடாது. வலிகாமத்துச் செம்மண் பேர்போன சின்ன வெங்காயம் நாயின்ர செங்குருதிக் கலங்களை அழிக்கும். உள்ளியும் அப்படித்தான். காய்ச்சல் எண்டு பனடோலை உடைச்சுக் குடுக்கிறதும் ஈரலைத் தாக்கும்.

ஷாம்பூ கடைசி. எங்கட ஆக்கள் சவர்க்காரம் இல்லாமலே வாழ்ந்து காட்டினவர்கள். தொண்ணூறுகளின் பொருளாதாரத் தடையில் பனங்காயைப் பிசைஞ்சு உடுப்புத் தோய்த்த கதையை ஒவ்வொரு வீட்டிலும் கேட்கலாம். 2002 ஏப்ரலில் ஏ9 பாதை திறந்த பிறகுதான் கடைத் தட்டுகள் நிறையத் தொடங்கின. தட்டு நிறைஞ்சதும் தேவையும் கூடினமாதிரி ஒரு எண்ணம் வருது. மனிதத் தோலை விட நாயின் தோல் அமிலத்தன்மை குறைஞ்சது, அதனால் எங்கட சவர்க்காரத்தை அடிக்கடி போட்டால் தோல் வறண்டு சொறியும். கடலில் குளிச்சு வாற நாய்க்கு நல்ல தண்ணியில் உப்பைக் கழுவி, காதைத் துடைச்சு உலர வைச்சால் பெரும்பாலும் போதும். அதுக்கு வீட்டுக் கிணறு காணும், கேணிக்குள்ள இறக்கத் தேவையில்லை.

குட்டி வளர்க்கிற ஆக்களுக்கு இன்னொண்டு. 1978இல் உலகம் முழுக்கப் பரவிய பார்வோ வைரசு இப்பவும் குட்டிகளைக் கொல்லுது. அதுக்கான ஊசியைக் காசு குடுத்துத்தான் போட வேணும். ஆறு, எட்டுக் கிழமையில் தொடங்கி, நாலு மாதம் வரை இடைவெளி விட்டுத் திரும்பத் திரும்பப் போட வேணும். ஷாம்பூவும் பெல்ற்றும் வாங்குற காசை முதலில் இதுக்கு ஒதுக்குங்கோ.

எங்கட வரிசை இப்படி முடிஞ்சது. விசர்நாய்த் தடுப்பூசி, உண்ணிக் கட்டுப்பாடு, நிறைக்கு ஏற்ற பூச்சி மருந்து, நல்ல சாப்பாடு, பிறகு காசு மிஞ்சினால் மிச்சம். அல்சேசன் எண்ட பேருக்காக ஒரு நாய்க்குப் பிஸ்கற் வாங்கி, பக்கத்து வளவு ஊர்நாய்க்கு ஊசிகூடப் போடாமல் விட்டால் இரண்டும் ஒரே ஆபத்துக்குள்ளதான். அடுத்த தடுப்பூசி முகாம் அறிவிச்சால், சொந்தக்காரர் இல்லாத நாய்களையும் பிடிச்சுக் கொண்டுபோக நாலு பேர் வேணும். நாங்கள் நாலு பேரும் வருவம். உங்கட ஊரிலும் நாலு பேர் சேருங்கோ.