விரல்நோய் அறிதலும் பிறவினை வடிவமும்

‘நரம்பு’ என்னும் சொல் மருத்துவத் தமிழில் உணர்ச்சியைக் கடத்தும் இழையைக் குறிக்கும். பேச்சு வழக்கிலோ குருதிக்குழாயும் தசைநாணும் அச்சொல்லாலேயே சுட்டப்பெறும். மலையாள ‘ஞரம்பு’ என்பதும் ஒன்றுக்கு மேற்பட்ட பொருளுடையது. எனவே இருமொழியும் வழங்கும் திருவனந்தபுரத்தில் நோயாளியின் ‘நரம்பு வலி’ எதனைச் சுட்டுகிறது என்பது தெளிவுபெற வேண்டியதாகிறது.

அறுவை மருத்துவம் தமிழில் எழுதப்பெறுவது புதிதன்று. மானிப்பாயில் பணியாற்றிய சாமுவேல் கிறீன் 1867இல் ‘இரண வைத்திய’த்தை வெளியிட்டார். ஆயினும் விரலை மடக்கும் தசைநாணின் உறையில் சீழ்கொள்ளும் நோயைத் தெளிவாக வரையறுத்தவர் சிக்காகோ மருத்துவர் ஆலன் கனவெல். அவரது நூல் 1912இல் வெளிவந்தது.

அவர் பெயரால் வழங்கும் அறிகுறிகள் நான்கு: விரல் முழுதும் வீங்குதல், சற்றே மடங்கி நிற்றல், உறை நெடுகத் தொட்டால் வலித்தல், விரலைப் பிறர் நிமிர்த்துங்கால் கடுவலி எழுதல். இறுதிக் குறியில் ‘நிமிருங்கால்’ எனத் தன்வினையாக மொழிபெயர்ப்பின் சோதனையே மாறிவிடும். நோயாளி தானே விரலை அசைப்பதாகப் பொருள்படும். ‘நிமிர்த்துங்கால்’ என்னும் பிறவினையே மருத்துவர் கையின் செயலை உணர்த்தும்.

பெனிசிலினுக்கு முன் உறையைத் திறத்தலே முதன்மை மருத்துவம். திருவனந்தபுரம் மருத்துவக் கல்லூரி தொடங்கப்பெற்ற 1951இல் அம்மருந்து வழக்கிற்கு வந்திருந்தது. இன்று தொடக்கநிலையில் நுண்ணுயிர்க்கொல்லி தந்து கையை உயர்த்தி வைப்பர். விரைவில் தணியாவிடின் உறையைத் திறந்து கழுவுவர். காலம் தாழ்ப்பின் அழுத்தத்தால் குருதியோட்டம் குன்றித் தசைநாண் அழியும். விரல் இயக்கம் இழக்கும். ஆதலின் ஈண்டு வினைவடிவத்தின் பிழை ஏட்டளவில் நிற்பதன்று.